மிஷ்லின் லாங்தோவும் நான் வேலை பார்க்கும் படப்பிடிப்புத் தளங்களும்

மொன்றியலில் எடுக்கப்படும் படங்களிலும் தொடர்களிலும் நான் பார்ப்பது கன்டினியூட்டி வேலை. நடிகை எந்தக் கையால் கோப்பையைத் தூக்கினார், எந்தச் சொல்லில் திரும்பினார், சால்வையின் எந்த முனை மேலே கிடந்தது என்று எல்லாவற்றையும் குறித்துவைத்து, நாலு நாள் கழித்து எடுக்கும் ஷாட்டில் அது பிசகாமல் பார்க்க வேண்டும். மானிட்டருக்கு முன்னால், இயக்குநருக்குப் பக்கத்தில்தான் என் கதிரை. அங்கே கனகாலம் இருந்துவிட்டால், ஓர் இயக்குநர் முன்பு என்ன வேலை பார்த்தவர் என்பது முதல் நாள் காலையிலேயே பிடிபட்டுவிடும். எடிட்டிங் அறையிலிருந்து வந்தவர் ஷாட் முடியுமுன்பே போதும் என்பார், அவர் மனதில் வெட்டு ஏற்கெனவே விழுந்திருக்கும். ஒளிப்பதிவிலிருந்து வந்தவர் ஜன்னலைத்தான் முதலில் பார்ப்பார். நடிப்பிலிருந்து வந்தவர் கதிரையில் இருக்கவே மாட்டார். எழுந்து நடிகரிடம் போய், மற்றவர்களுக்குக் கேட்காத குரலில் இரண்டு சொல் சொல்லிவிட்டு வருவார்.

கியூபெக்கில் நடிப்பிலிருந்து இயக்கத்துக்குப் போன பெண்களைப் பற்றிப் பேச்சு வந்தால் எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் மிஷ்லின் லாங்தோ. 1947இல் பிறந்தவர். அவரோடு வேலை செய்யும் வாய்ப்பு எனக்குக் கிடைத்ததில்லை. ஆனால் அவர் தொழில் வாழ்க்கை போன பாதையை இந்தத் துறையில் இருக்கும் ஒருத்தியாகத் திரும்பத் திரும்ப யோசித்திருக்கிறேன். நடிகை ஒருவர் படம் இயக்கினால் அதை நாம் பதவி உயர்வாகத்தான் பேசுகிறோம், கீழே இருந்தவர் மேலே ஏறிவிட்ட மாதிரி. லாங்தோவின் ஐம்பது வருட வேலையைப் பார்த்தால் அந்தப் பேச்சு எவ்வளவு பிழை என்று தெரியும்.

முதலில், அவர் நடிகையாகத் தொடங்கியவர் அல்ல. அவருடைய முதல் தொழில் அனிமேஷன். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்திலும் பிறகு ஜெரால்ட் பாட்டர்ட்டனின் நிறுவனத்திலும் படம் வரைந்துகொண்டிருந்தார். வாரியம் 1956இல் ஒட்டாவாவிலிருந்து மொன்றியலுக்கு இடம்மாறியிருந்தது. அதனால் அறுபதுகளில் இந்த நகரத்தில் வளர்ந்த, கையில் பென்சில் பிடிக்கத் தெரிந்த ஒரு பெண்ணுக்கு அப்படியொரு வேலை கிடைப்பது நடக்கக்கூடியதாக இருந்தது. ஒரு விநாடிக்கு 24 பிரேம். ஒவ்வொரு வரைபடத்தையும் இரண்டு பிரேம் நிறுத்தினாலும் விநாடிக்கு 12 வரைபடம். ஒரு கை மேசையிலிருந்து வாய்வரை போவதற்கு எத்தனை பிரேம் என்று தாளில் எழுதிவைத்துக்கொண்டு வரைகிற வேலை அது. நான் இன்று எழுதும் குறிப்புகளுக்கும் அதற்கும் பெரிய தூரமில்லை என்பதால் இந்த விவரம் எனக்கு மிகவும் பிடிக்கும். ஓர் அசைவுக்கு எவ்வளவு நேரம் வேண்டும் என்று உடம்பாலேயே அறிந்த ஒருவர் பிறகு காமராவுக்கு முன்னாலும் பின்னாலும் போனார்.

1972இல் ஜில் கார்ல் தன் 'லா வ்ரே நாத்யூர் து பெர்னாதெத்' படத்துக்கு அவரைக் கதாநாயகியாக்கினார். நகரத்து வாழ்க்கையையும் கணவனையும் விட்டுவிட்டு மகனோடு பண்ணைக்குப் போகும் பெண்ணின் கதை. படம் கான் விழாவில் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. லாங்தோவுக்கு அந்த ஆண்டு கனடாவின் சிறந்த நடிகை விருது கிடைத்தது. அடுத்து 1974இல் டெட் கோச்செஃப் இயக்கிய 'தி அப்ரென்டிஸ்ஷிப் ஆஃப் டடி கிராவிட்ஸ்'. மோர்டெகாய் ரிச்லரின் நாவலிலிருந்து எடுத்த ஆங்கிலப் படம், மொன்றியலின் யூதக் குடியிருப்பில் நடப்பது. ரிச்சர்ட் டிரைஃபஸ் நடித்த டடி தன் பேரில் வாங்க முடியாத நிலத்தை இவெத் என்ற பிரெஞ்சுக் கனடியப் பெண்ணின் பேரில் வாங்குவான். அந்த இவெத்தான் லாங்தோ. பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது பெற்ற படம். இரண்டு மொழியிலும் இப்படி ஒரு தொடக்கம் அமைந்தவருக்கு அடுத்த இருபது வருடமும் நடித்துக்கொண்டே போவதுதான் எளிய வழி.

அவர் போகவில்லை. 1975இல், சர்வதேசப் பெண்கள் ஆண்டில், திரைப்பட வாரியத்துக்காக 'எ டோக்கன் ஜெஸ்சர்' என்ற சிறு அனிமேஷன் படத்தை இயக்கினார். ஆண் இப்படி, பெண் இப்படி என்று சமூகம் வரைந்து வைத்திருக்கும் அச்சுகளைப் பற்றிய படம். நடிகையாக விருது வாங்கிய பிறகு திரும்பப் போய் வரைபலகை முன்னால் இருந்திருக்கிறார். இடையில் சில வருடம் லாஸ் ஏஞ்சலிஸில் வாழ்ந்தார். 1980இல் முதல் முழுநீளப் படம், 'லோம் அ து ஃபேர்'. ஊரிலிருந்து மொன்றியலுக்கு வேலை தேடி வரும் கைவேலைக்காரன் ஒருவன், புறநகர் வீடொன்றைத் திருத்தப் போன இடத்தில் அந்த வீட்டுக்காரியை விரும்பிவிடுகிறான். சத்தமில்லாத, இரக்கமுள்ள படம்.

அந்தக் காலத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். பிரெஞ்சு மொழிப் பகுதியில் பெண் இயக்கிய முழுநீளப் படம் என்று சொல்ல ஆன் கிளேர் பொய்ரியே 1968இல் எடுத்ததும், மிரேய் தான்செரோ 1972இல் எடுத்ததுமாக விரல்விட்டு எண்ணக்கூடிய படங்களே இருந்தன. லாங்தோவைப் போலவே நடிகையாக இருந்த போல் பையர்ஜோன் 1980இல்தான் 'லா குயிஸீன் ரூஜ்' படத்தை இன்னொருவரோடு சேர்ந்து இயக்கினார். பார்த்துப் பழக முன்னோடிகள் அதிகமில்லாத காலம்.

பிறகு 1984இல் 'சொனாத்தின்'. இந்தப் படத்தைப் பற்றி நான் அளவாகப் பேசுவது கஷ்டம். இரண்டு பதின்வயதுப் பெண்பிள்ளைகள், மூன்று பகுதிகள். ஒருத்தி இரவுப் பேருந்தில் ஓட்டுநரோடு கதைக்கப் பழகுகிறாள். மற்றவள் துறைமுகத்தில் நிற்கும் கப்பலில் ஒளிந்து ஏறி, ஒரு பல்கேரிய மாலுமியோடு பொதுமொழி எதுவுமில்லாமல் நேரத்தைக் கழிக்கிறாள். மூன்றாவது பகுதியில் இருவரும் மெட்ரோவில் இருக்கிறார்கள். யாராவது தங்களைத் தடுக்காவிட்டால் சாகப்போகிறோம் என்று எழுதிய அட்டையை வைத்துக்கொண்டு பகல் முழுக்க இருக்கிறார்கள். சனம் கடந்து போகிறது. அன்றைக்கு மெட்ரோ ஊழியர்கள் வேலைநிறுத்தத்துக்குப் போகிறார்கள்.

நான் இரவுப் படப்பிடிப்பு முடிந்து வீடு திரும்புவதும் அதே மெட்ரோவில்தான். ஆனால் அந்தப் படம் என்னை விடாமல் பிடித்து வைத்திருப்பதற்குக் காரணம் அந்தப் பிள்ளைகளின் முகங்கள். பஸ்கால் புஸியேருக்கும் மார்சியா பிலோத்துக்கும் அதற்கு முன் சினிமா அனுபவம் கிடையாது. புஸியேர் 1968இல் பிறந்தவர், அப்போது பள்ளி மாணவி. பதின்வயதுப் பிள்ளைகளைக் காமரா முன் நிறுத்தினால் என்ன நடக்கும் என்று நான் நிறையத் தரம் பார்த்திருக்கிறேன். பெரியவர்களுக்குப் பிடிக்கும் என்று தாங்கள் நினைக்கும் ஏதோ ஒன்றைச் செய்துகாட்டுவார்கள். புருவம் ஏறும், குரல் இனிக்கும். "இன்னும் சோகமாக" என்று இயக்குநர் சொன்னால் அது இரண்டு மடங்காகும். 'சொனாத்தின்' படத்தில் அந்தக் காட்டிக்கொள்ளல் அறவே இல்லை. அந்தப் பிள்ளைகள் பேசுகிறார்கள், கேட்கிறார்கள், வாக்மேனைக் காதில் மாட்டிக்கொண்டு சும்மா இருக்கிறார்கள். தன்னை யாரோ பார்த்துக்கொண்டிருக்கும்போது சும்மா இருப்பதுதான் நடிப்பில் ஆகக் கடினமானது. அந்தக் கஷ்டத்தைத் தன் உடம்பில் பட்டறிந்த ஒருவரால்தான் இன்னொருவரை அதற்குக் கூட்டிப்போக முடியும் என்பது என் தொழில் எனக்குக் காட்டிய உண்மை. லாங்தோ பிறகு கான்கோர்டியா பல்கலைக்கழகத்தில் பல வருடம் நடிகர்களை இயக்குவது பற்றியே கற்பித்தார் என்பதில் எனக்கு வியப்பில்லை.

வெனிஸ் திரைப்பட விழாவில் அந்தப் படத்துக்கு வெள்ளிச் சிங்கம் விருது கிடைத்தது. கனடாவில் சிறந்த இயக்குநருக்கான ஜீனி விருதும் கிடைத்தது. ஊரில் திரையரங்குக்கு ஆட்கள் வரவில்லை. திரையரங்குக்கென்று அவர் எடுத்த அடுத்த கதைப்படம் 1993இல்தான் வந்தது.

ஒன்பது வருடம். நம்மவர்களிடம் இதைச் சொன்னால் நம்பமாட்டார்கள், வெனிஸ் விருதுக்குப் பிறகுமா என்பார்கள். இங்கே பிரெஞ்சுப் படம் பெரும்பாலும் அரசுப் பணத்தில்தான் நடக்கிறது. கனடிய மத்திய அரசின் டெலிஃபிலிம், கியூபெக் மாகாணத்தின் சோதெக், தொலைக்காட்சி நிறுவனங்கள் என்று பல இடத்துக் காசு சேர்ந்தால்தான் ஒரு படம். திரைக்கதையைக் கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும். மறுத்தால் திருத்தி எழுதி அடுத்த தவணைக்குக் கொடுக்க வேண்டும். ஒரு இடம் தந்து மற்ற இடம் தராவிட்டால் வந்த காசும் கைக்கு வராது. நான் நல்லவர் என்று மதிக்கும் இயக்குநர்கள் பலருக்கு இரண்டு படத்துக்கு இடையில் நான்கைந்து வருடம் சாதாரணம். அந்த இடைவெளியில் ஒருவர் எப்படிச் சாப்பிடுவார் என்ற கேள்விக்குப் பெரும்பாலானோரின் பதில் விளம்பரப் படம், தொடர், கற்பித்தல். லாங்தோவிடம் இன்னொரு பதிலும் இருந்தது. அவர் நடிக்கப் போகலாம், போனார். இயக்குநராகிவிட்டோம், இனி இன்னொருவர் சொல்கேட்டு நிற்பதா என்று அவர் நினைக்கவில்லை. பின்னாளில் 'யூனிதே 9' என்ற சிறைத் தொடரில் எலிஸ் போப்ரேயாக வந்து இந்த மாகாணத்தின் வீடுகளுக்கெல்லாம் தெரிந்த முகமானார். வெனிஸில் விருது வாங்கியவர் காலையில் ஒப்பனை அறைக்கு வந்து, வசனம் படித்து, தன் ஷாட்டுக்காகக் காத்திருந்திருக்கிறார். இதை இறக்கம் என்று எண்ணுகிறவர்கள் எங்கள் தொழிலில் ஒருநாள்கூட நின்றிராதவர்கள்.

1993இல் வந்த அந்தப் படம் 'து அக்த்ரிஸ்'. மிகச் சிறிய செலவில் எடுத்தது. அதே பஸ்கால் புஸியேர் இப்போது வளர்ந்த பெண்ணாக நடிக்கிறார். அவர் வீட்டு வாசலில் நான் உன் சகோதரி என்று ஒருத்தி வந்து நிற்கிறாள். கதைக்கு நடுவில் வீடியோவில் எடுத்த பகுதிகள் வருகின்றன, நடிகைகள் தாங்களாகவே இருந்து பேசுகிறார்கள். பெரிய பணம் கிடைக்காதபோது, கையிலிருப்பதை வைத்து அதற்கேற்ற உருவத்தைக் கண்டுபிடித்திருக்கிறார். கையிலிருந்தது நடிகைகள். அதைத்தான் அவர் ஆகவும் நன்றாக அறிந்திருந்தார்.

அதற்குப் பிறகு இரண்டாம் உலகப்போரில் கியூபெக் பண்ணையில் வேலைக்கு வந்த ஜெர்மன் போர்க்கைதி பற்றி ஒன்று (1994), பிள்ளைகளைக் கொன்றுவிட்ட தாய் பற்றி ஒன்று (2003). பின்னதை இன்னொரு முறை பார்க்கும் துணிவு எனக்கு இன்னும் வரவில்லை. ஆனால் என் வேலையோடு நேரடியாக ஒட்டியது 2009இல் வந்த 'சூஸி'. ஹாலோவீன் இரவில், டாக்ஸி ஓட்டும் ஒரு வயதான பெண்ணின் வண்டியில் ஆட்டிசம் உள்ள ஒரு சிறுவன் வந்து சேர்கிறான். சூஸியாக நடித்ததும் லாங்தோ, இயக்கியதும் லாங்தோ.

இயக்குநரே நடிக்கும் படப்பிடிப்பில் நான் வேலை செய்திருக்கிறேன். அங்கே என் கதிரைக்குப் பக்கத்துக் கதிரை வெறுமையாக இருக்கும். ஷாட் முடிந்ததும் அவர் அங்கே நின்றபடியே என்னைத்தான் பார்ப்பார், ஒளிப்பதிவாளரைப் பார்ப்பது அதற்கு அடுத்துத்தான். அந்தப் பார்வையில் கேட்பது சால்வை முனையை அல்ல. "உண்மையாக இருந்ததா?" என்று கேட்கிறார். அதற்குப் பதில் சொல்வது என் வேலையில் எழுதப்பட்டிருக்கவில்லை, ஆனால் அந்த நிமிடத்தில் அவருக்குக் கண் வேண்டும். எடுத்ததைத் திரும்பப் போட்டுப் பார்க்கலாம்தான். ஒவ்வொரு டேக்குக்கும் அப்படிச் செய்தால் நேரம் போய்விடும், அதைவிடத் தன் முகத்தைத் தானே பார்த்த நடிகர் அடுத்த டேக்கில் அதைத் திருத்தத் தொடங்கிவிடுவார். அதனால் அனுபவமுள்ளவர்கள் மானிட்டரைத் தவிர்த்து ஆளை நம்புவார்கள். டாக்ஸியின் ஓட்டுநர் இருக்கையில் இருந்தபடி ஒரு சிறுவனையும் நடிக்கவைத்து, தானும் நடித்து, இரவு வெளிச்சத்தையும் கவனிப்பது என்றால் எவ்வளவு என்று கணக்குப் பார்க்கிறேன். அப்போது அவருக்கு அறுபது வயது தாண்டியிருந்தது.

இங்கே பிறந்து வளர்ந்த நம் பிள்ளைகள் பிரெஞ்சில் படிக்கிறார்கள். 1977ஆம் ஆண்டு மொழிச் சட்டத்தால் குடியேறியவர்களின் பிள்ளைகள் பிரெஞ்சுப் பள்ளிக்குத்தான் போனார்கள். கோத்-தே-நேஜ், பார்க் எக்ஸ்டென்ஷன் பக்கத்துப் பிள்ளைகளில் சிலர் இப்போது சினிமாவுக்கு வர ஆசைப்படுகிறார்கள். அப்படி ஒரு பிள்ளை அண்மையில் என்னிடம் கேட்டாள்:

"அக்கா, எனக்கு டைரக்ஷன்தான் விருப்பம். நடிக்கக் கூப்பிட்டால் போகவா, விடவா? ஒருக்கால் நடிகை என்று பேர் எடுத்தால் பிறகு என்னை டைரக்டராக எடுப்பினமோ?"

"எடுக்காத ஆட்களும் இருப்பினம். நீ போ," என்றேன்.

மோனியா ஷொக்ரியைப் பற்றி அவளுக்குத் தெரிந்திருந்தது. நடிகையாக அறிமுகமாகி, 2019இல் முதல் முழுநீளப் படத்தைக் கானுக்குக் கொண்டுபோய், 2023இல் எடுத்த 'சாம்ப்ல் கொம் சில்வான்' படத்துக்குப் பிரான்ஸின் சேசார் விருதை வாங்கியவர். டெலிஃபிலிமும் திரைப்பட வாரியமும் 2016இல் பெண் இயக்குநர்களுக்குச் சமபங்கு என்ற இலக்கை அறிவித்த பிறகு வந்த தலைமுறை. லாங்தோவின் பேரை அவள் தொடரில் வரும் அந்த வயதான சிறைக்கைதியாக மட்டுமே அறிந்திருந்தாள். அவர் படம் இயக்குகிறவர் என்றதும் ஆச்சரியப்பட்டாள். 2011இல், 2014இல், 2019இல் என்று வரிசையாக எடுத்திருக்கிறார் என்றேன். 2019இல் 'ய்யுன் மனியேர் து வீவ்ர்' வந்தபோது அவருக்கு 72 வயது.

எதை முதலில் பார்க்க என்று கேட்டாள். 'சொனாத்தின்' என்றுதான் வாயில் வந்தது. பிறகு 'து அக்த்ரிஸ்' என்று மாற்றிச் சொன்னேன். அவளிடம் இப்போது இருப்பது ஒரு சின்ன காமராவும், நடிக்கத் தெரிந்த இரண்டு சிநேகிதிகளும், பகலில் ஆளில்லாத ஒரு மாமி வீடும். அதைவைத்து ஒரு முழுப்படம் எடுக்கலாம் என்று அவள் பார்க்க வேண்டும்.