கிராக் வழக்கில் தண்டனைக் குறைப்பு: 404-ஆம் பிரிவு மனு படிப்படியாக

அமெரிக்கக் கூட்டரசு நீதிமன்றங்களில் கிராக் கொக்கைன் வழக்கில் தண்டிக்கப்பட்டவர்களுக்காக, 2018-ஆம் ஆண்டின் ஃபர்ஸ்ட் ஸ்டெப் சட்டத்தின் 404-ஆம் பிரிவின் கீழ் மனு தயாரிக்கும் வேலையில் தெரிந்துகொண்டவை இவை. பெரும்பாலான மனுக்கள் முடிந்துவிட்டன. ஆனாலும் பழைய தண்டனையோடு உள்ளே இருப்பவர்களும், கையால் எழுதிய மனு தள்ளுபடியாகி அடுத்து என்ன என்று தெரியாமல் நிற்கும் குடும்பங்களும் இன்னும் இருக்கிறார்கள்.

குடும்பத்தார் வந்ததும் எடுத்த எடுப்பில் கிராம் கணக்கைச் சொல்வார்கள். அதைக் கொஞ்சம் ஒதுக்கி வைத்துவிட்டு, எந்தத் தேதியில் நடந்த குற்றம், எந்த உட்பிரிவில் தண்டனை என்ற இரண்டை மட்டும் முதலில் பாருங்கள். தகுதி இந்த இரண்டில் அடங்கிவிடும். கிராம் கணக்கு பிறகு வரும், வேறொரு இடத்தில் வந்து கழுத்தைப் பிடிக்கும்.

பின்னணி சுருக்கமாக. 1986 ஜூனில் கூடைப்பந்து வீரர் லென் பயஸ் கொக்கைனால் இறந்தார். சில மாதங்களுக்குள் காங்கிரஸ் ஒரு சட்டத்தை அவசர அவசரமாக நிறைவேற்றியது. 5 கிராம் கிராக் வைத்து விற்றால் குறைந்தது 5 ஆண்டு. அதே 5 ஆண்டு கிடைக்கப் பொடி கொக்கைன் 500 கிராம் வேண்டும். 50 கிராம் கிராக்குக்கு 10 ஆண்டு. பொடியானால் 5 கிலோ. ஒன்றுக்கு நூறு. (பயஸ் உறிஞ்சியது பொடி என்று பின்னாளில் சாட்சியத்தில் வந்தது. சட்டம் பாய்ந்தது கிராக் மீது.) கிராக் என்பது அதே பொடியைச் சமையல் சோடாவும் தண்ணீரும் சேர்த்துக் காய்ச்சி எடுப்பது, வேதியியலில் வேறு போதைப்பொருள் அல்ல. ஆனால் இந்தச் சட்டத்தின் கீழ் கூட்டரசு நீதிமன்றங்களில் கிராக்குக்காகத் தண்டிக்கப்பட்டவர்களில் பத்துக்கு எட்டுப் பேர் வாக்கில் கருப்பினத்தவர். தண்டனை வழிகாட்டு அட்டவணையை வகுக்கும் கூட்டரசின் தண்டனை ஆணையம் 1995 முதல் அறிக்கை மேல் அறிக்கையாகச் சொல்லியும் விகிதம் மாறவில்லை. 2010 ஆகஸ்ட் 3-இல் வந்த ஃபேர் சென்டென்சிங் சட்டம்தான் அதை 18-க்கு 1 ஆக்கியது: 5 கிராம் 28 ஆனது, 50 கிராம் 280 ஆனது. அதற்கு முன்பே தண்டிக்கப்பட்டவர்களுக்கு அது பொருந்தவில்லை. அந்தக் கதவை 2018 டிசம்பர் 21-இல் திறந்தது 404-ஆம் பிரிவு.

முதல் வேலை ஆவணங்களைத் திரட்டுவது. தீர்ப்பாணை, குற்றப்பத்திரிகை, குற்றத்தை ஒப்புக்கொண்ட ஒப்பந்தம் அல்லது ஜூரியின் தீர்ப்புப் படிவம், தண்டனை விசாரணையின் எழுத்துப் பதிவு ஆகியவை வேண்டும். கூட்டரசு நீதிமன்ற ஆவணங்களுக்கான 'பேசர்' இணையதளத்தில் பக்கத்துக்கு 10 சென்ட், ஓர் ஆவணத்துக்கு அதிகபட்சம் 3 டாலர். எழுத்துப் பதிவுக்கு மட்டும் இந்த உச்சவரம்பு கிடையாது. 1990-களின் வழக்குகள் பலவற்றில் பட்டியல் மட்டும் இருக்கும், ஆவணம் இருக்காது. அவற்றை நீதிமன்ற எழுத்தர் அலுவலகம் வழியாகக் காப்பகத்திலிருந்து வரவழைக்க வேண்டும். நாள் பிடிக்கும், ஆகவே இதை முதலிலேயே கேட்டுவிடுங்கள்.

தீர்ப்பாணையைப் பார்த்தவுடன் பலர் குழம்புவது இங்கேதான். முதல் பக்கத்தில் போதைப்பொருள் விற்பனைக் குற்றத்துக்கான 841(ஏ)(1) என்று மட்டும் இருக்கும், சதி வழக்கானால் பக்கத்தில் 846 இருக்கும். நமக்குத் தேவையான, அளவுக்கேற்பத் தண்டனையைச் சொல்லும் 841(பி)-யின் உட்பிரிவு அதில் இருக்காது. உடனே குற்றப்பத்திரிகைக்குப் போங்கள். "50 கிராம் அல்லது அதற்கு மேல்" என்று இருந்தால் (பி)(1)(ஏ). "5 கிராம் அல்லது அதற்கு மேல்" என்றால் (பி)(1)(பி). குற்றம் 2010 ஆகஸ்ட் 3-க்கு முன் நடந்திருந்தால் இந்த இரண்டும் தகுதி பெறும். அளவே குறிப்பிடாமல் "கண்டறியக்கூடிய அளவு" என்று மட்டும் இருந்தால் அது (பி)(1)(சி), தகுதி இல்லை. 2021 ஜூனில் டெர்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் தீர்ப்பளித்தது. டெர்ரியிடம் இருந்தது 4 கிராமுக்கும் குறைவு. அதிகம் விற்றவருக்கு மனு உண்டு, சொற்பம் விற்றவருக்கு இல்லை என்ற இந்த விநோதத்தைக் குடும்பத்தாரிடம் விளக்குவதுதான் இந்த வேலையிலேயே கடினமானது.

அடுத்தது பி.எஸ்.ஆர்., அதாவது தண்டனைக்கு முன் ப்ரொபேஷன் (நன்னடத்தைக் கண்காணிப்பு) அலுவலர் தயாரிக்கும் அறிக்கை. இது பொதுப் பதிவில் இல்லை. கைதியும் அதன் நகலைத் தன் அறையில் வைத்திருக்கக் கூடாது. யார் காட்டிக்கொடுத்தார்கள் என்று மற்ற கைதிகள் அறிக்கையைக் காட்டச் சொல்லி மிரட்டுவதால் சிறைத்துறை போட்ட தடை அது. தபாலில் அனுப்பினால் பறிமுதல் ஆகும். கேஸ் மேனேஜரின் அறையில் உட்கார்ந்து படிக்க அனுமதி உண்டு. பத்தி எண்களைக் குறித்துக்கொண்டு வரச் சொல்லுங்கள். வழக்கறிஞர் நியமனமாகியிருந்தால் அவர் ப்ரொபேஷன் அலுவலகத்திலிருந்தே பெறலாம்.

பி.எஸ்.ஆரில் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு படிக்க வேண்டியது அளவு எழுதிய பத்தி. கையும் களவுமாகப் பிடித்தது 60 கிராமாக இருக்கும். உடன் குற்றவாளி ஒருவர் "வாரத்துக்கு இவ்வளவு, இத்தனை மாதம்" என்று சொன்னதைப் பெருக்கி, "குறைந்தது 1.5 கிலோ" என்று முடித்திருப்பார்கள். கிராமை நிலை எண்ணாகவும் அதை மாதங்களாகவும் மாற்றும் வழிகாட்டு அட்டவணை ஒன்று உண்டு; 1994-க்குப் பிந்தைய அட்டவணையில் 1.5 கிலோ என்பதே உச்சபட்ச 38-ஆம் நிலை. அதைத் தொட்டுவிட்டால் மேலே எண்ணிப் பயனில்லை. எதிர்த்து வாதாடியும் பயனில்லை என்று அன்றைய வழக்கறிஞர்கள் பலர் விட்டுவிட்டார்கள். இன்றைய அட்டவணையில் 38-ஆம் நிலைக்கு 25.2 கிலோ வேண்டும், 1.5 கிலோ 32-ஆம் நிலையில் விழும். முன் தண்டனை இல்லாதவருக்கு 38-ஆம் நிலை 235 முதல் 293 மாதம், 32-ஆம் நிலை 121 முதல் 151 மாதம். அதனால் "குறைந்தது" என்ற சொல்லை அரசுத் தரப்பு இப்போது "அதற்கு எவ்வளவோ மேல்" என்று நீட்ட விடாதீர்கள். அன்றைக்கு நீதிபதி உறுதிசெய்த எண் 1.5 தான், அதற்கு மேல் ஒரு கிராமும் இல்லை என்று பத்தி எண்ணோடு எழுதுங்கள்.

"இவர் உண்மையில் விற்றது 280 கிராமுக்கு மேல், இன்று வழக்கு போட்டிருந்தாலும் இதே தண்டனைதான்" என்பது அரசுத் தரப்பின் வழக்கமான பதில். தகுதிக் கட்டத்தில் இந்த வாதத்தை மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் ஏற்கவில்லை. பார்க்க வேண்டியது தண்டனை பெற்ற சட்டப்பிரிவை. ஆனால் குறைப்பதா வேண்டாமா என்று நீதிபதி தீர்மானிக்கும் கட்டத்தில் அதே கிராம் கணக்கு பின்வாசல் வழியாக வந்துவிடும். தகுதி என்பது வாசலுக்குள் நுழைவதற்கு மட்டுமே. எந்தத் தண்டனையையும் நீதிபதி குறைத்தே ஆக வேண்டும் என்று இந்தப் பிரிவு கட்டாயப்படுத்தவில்லை. மனுவில் அரைப் பக்கத்தில் தகுதியை முடித்துவிட்டு, மீதி எல்லாவற்றையும் குறைப்பதா வேண்டாமா என்ற இரண்டாவது கேள்விக்குச் செலவிடுங்கள். கையால் எழுதிய மனுக்களில் பெரும்பாலும் இது தலைகீழாக இருக்கும்.

பிறகு புதிய கணக்கு. குற்றப்பத்திரிகையில் 50 கிராம் என்று இருந்தால் அன்று 10 ஆண்டு முதல் ஆயுள் வரை. இன்று அதே 50 கிராம் 28-க்கும் 280-க்கும் இடையில் விழுவதால் 5 முதல் 40 ஆண்டு. முன்பு ஒரு போதைப்பொருள் தண்டனை இருந்து, அதைக் காட்டிக் கூடுதல் தண்டனை கேட்கும் 851-ஆம் பிரிவு நோட்டீஸும் அரசுத் தரப்பு கொடுத்திருந்தால் அன்று குறைந்தபட்சம் 20 ஆண்டு, இன்று 10. அப்படி இரண்டு பழைய தண்டனைகள் இருந்தால் அன்று கட்டாய ஆயுள். இன்று 10 ஆண்டு முதல் ஆயுள் வரை.

'கரியர் அஃபெண்டர்' (தொடர் குற்றவாளி) என்று வகைப்படுத்தப்பட்டவர்களின் கோப்பில் இந்த எண்களை இன்னும் நிதானமாகப் போட வேண்டும். அவர்களுக்கு நிலை எண் கிராமைப் பொறுத்து அமையாது, சட்டம் அனுமதிக்கும் உச்சத் தண்டனையைப் பொறுத்து அமையும். உச்சம் ஆயுள் என்றால் 37. 25 ஆண்டோ அதற்கு மேலோ என்றால் 34. உச்சம் ஆயுளிலிருந்து 40 ஆண்டுக்கு இறங்கினால் நிலை 34 ஆகும். குற்றத்தை ஒப்புக்கொண்டதற்கான 3 புள்ளி கழித்தால் பழைய கணக்கு 34, புதியது 31. முன் குற்றப் பதிவின் ஆறாம் வகையில் 262–327 மாதம் 188–235 ஆகிறது. ஆறு ஆண்டுக்கு மேல் வித்தியாசம். ஆனால் 851 நோட்டீஸ் இருந்தால் உச்சம் ஆயுளிலேயே நிற்கும், 37-உம் அசையாது. வழிகாட்டு அட்டவணை மாறவே இல்லை என்று அரசுத் தரப்பு சொல்வது இந்த வழக்குகளில் சரிதான். அதை மறுத்து நேரத்தை வீணாக்காமல், அந்தப் பழைய தண்டனை இன்றைய விளக்கப்படி 'கடுமையான போதைப்பொருள் குற்றம்' ஆகுமா என்று தேடுங்கள். 2018 சட்டம் அதன் வரையறையைச் சுருக்கியிருக்கிறது. பழைய வழக்குகளுக்கு அந்தச் சுருக்கம் தானாகப் பொருந்தாது. ஆனால் இப்படிப்பட்ட பின்னாள் மாற்றங்களையும் சிறையில் கைதி திருந்தியதையும் நீதிபதி கணக்கில் எடுக்கலாம் என்று 2022 ஜூனில் கன்செப்சியான் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. எழுப்பிய வாதத்தை நீதிபதி பரிசீலிக்க வேண்டும், ஏற்க வேண்டிய கட்டாயம் இல்லை. எழுப்பாத வாதத்துக்கு மேல்முறையீட்டில் பெரும்பாலும் வழி இருக்காது.

இனப் பாகுபாட்டை மனுவில் எப்படிச் சொல்வது? அரசமைப்புச் சட்டத்தின் சமத்துவ வாதமாக எழுதினால் தோற்கும். 1994-இல் செயின்ட் லூயிஸில் நீதிபதி கிளைட் கேஹில் அந்த அடிப்படையில் தீர்ப்பளித்தபோது எட்டாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் அதே ஆண்டிலேயே ரத்து செய்தது. 1996 ஆர்ம்ஸ்ட்ராங் வழக்கில், பப்ளிக் டிஃபெண்டர் (அரசு செலவில் வாதாடும் வழக்கறிஞர்) அலுவலகம் 1991-இல் முடித்த 24 கிராக் வழக்குகளிலும் பிரதிவாதிகள் அனைவரும் கருப்பினத்தவர் என்று காட்டியும், அரசுத் தரப்புக் கோப்புகளைப் பார்க்கக்கூட அனுமதி கிடைக்கவில்லை. ஆகவே தண்டனை விதிக்கையில் நீதிபதி பார்க்க வேண்டியவற்றைச் சொல்லும் 3553(ஏ)-யின் ஆறாம் கூறு, அதாவது 3553(ஏ)(6) வழியாகப் போங்கள். ஒரே மாதிரி நடந்துகொண்டவர்களுக்கிடையே காரணமற்ற தண்டனை வேறுபாட்டைத் தவிர்க்க வேண்டும் என்கிறது அது. தண்டனை ஆணையத்தின் அறிக்கைகளை இணையுங்கள். கிராக்-பொடி விகிதத்தோடு உடன்படாமல் இருக்க நீதிபதிக்கு உரிமை உண்டு என்ற 2007 கிம்ப்ரோ தீர்ப்பையும் சொல்லுங்கள். பொடி கொக்கைனாக இருந்திருந்தால் இவருக்கு என்ன தண்டனை என்று ஒரே ஒரு வரியில் கணக்கு போட்டுக் காட்டுங்கள். பத்துப் பக்க வரலாற்றை விட அந்த வரியை நீதிபதிகள் படிக்கிறார்கள். குறைப்பு பெற்ற நாலாயிரத்துக்கும் மேற்பட்டவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் கருப்பினத்தவர். அதையும் ஒரு வரியில் சேர்க்கலாம்.

சிறை வாழ்க்கைக்கான சான்றுகளை இரண்டு கட்டாகப் பிரியுங்கள்: முடித்த படிப்புகளும் வேலைப் பதிவும் ஒன்று, ஒழுங்கு நடவடிக்கைப் பட்டியல் இன்னொன்று. இரண்டாவதை மறைக்கவே கூடாது, அரசுத் தரப்பிடம் அது ஏற்கெனவே இருக்கும். கைப்பேசி வைத்திருந்தது, சண்டை போட்டது என்று எது இருந்தாலும் தேதியோடு நாமே சொல்லி, கடைசிச் சம்பவத்துக்குப் பிறகு எத்தனை ஆண்டு சுத்தமாக இருக்கிறது என்று காட்டுவது நல்லது.

குடும்பத்தார் கடிதங்களில் வழக்கமாக நடக்கும் தவறு, "அவன் நிரபராதி" என்று எழுதுவது. அந்த ஒரு வரி ஒப்புதல் வாக்குமூலத்தோடு மோதும். கடிதத்தில் வேண்டியவை வேறு: எந்த முகவரியில் தங்குவார், தனி அறை உண்டா, வீட்டில் துப்பாக்கி இல்லை என்ற உறுதி, வேலை தருபவர் யார், சிறை வாசலிலிருந்து யார் அழைத்துவருவார். வழக்கைப் பற்றிச் சிறைத் தொலைபேசியில் பேச வேண்டாம், அழைப்புகள் பதிவாகின்றன. வழக்கறிஞர் கடித உறையில் தன் பெயரையும், 'ஸ்பெஷல் மெயில்' என்றும், கைதியின் முன்னிலையில் மட்டுமே பிரிக்க வேண்டும் என்றும் எழுத வேண்டும். ஒன்று விட்டுப்போனாலும் சாதாரணத் தபாலாகப் பிரித்துப் படித்துவிடுவார்கள்.

மனு போக வேண்டியது முதலில் தண்டனை விதித்த நீதிமன்றத்துக்கு, கைதி இப்போது இருக்கும் ஊரின் நீதிமன்றத்துக்கு அல்ல. கட்டணம் கிடையாது. இலவச வழக்கறிஞர் அரசமைப்பு உரிமை அல்ல. ஆனாலும் பல மாவட்டங்களில் பப்ளிக் டிஃபெண்டரை நியமித்தார்கள், கேளுங்கள். அவசரப்பட்டு அரைகுறையாகத் தாக்கல் செய்யாதீர்கள். ஒருமுறை மனுவின் சாரத்தை முழுமையாகப் பரிசீலித்து மறுத்துவிட்டால், 404(சி)-படி அடுத்த மனுவுக்கு இடமில்லை. ஏற்கெனவே தள்ளுபடியாகியிருந்தால் அந்த உத்தரவை வாங்கிப் படியுங்கள். நீதிபதி "தகுதியில்லை" என்று வாசலிலேயே நிறுத்தியிருந்தால் அது முழுப் பரிசீலனை அல்ல என்று வாதிட இடமுண்டு. மேல்முறையீட்டுக்கு பெரும்பாலும் 14 நாள்தான். உள்ளேயிருந்து அனுப்புபவருக்கு, சிறை அதிகாரியிடம் உறையை ஒப்படைத்த நாளே தாக்கல் நாள். அந்தத் தேதியை எழுதி, பொய் சொன்னால் தண்டனைக்குட்பட்டவன் என்ற உறுதிமொழியோடு கையெழுத்திட வேண்டும்.

கோப்பில் 924(சி) துப்பாக்கிக் குற்றமும் இருந்தால் அதற்கான குறைந்தது 5 ஆண்டு தனியாக, தொடர்ச்சியாக நிற்கும், கிராக் பகுதி குறைந்தாலும் அது குறையாது. வேறு மாநில வாரண்டோ குடியேற்றத் துறையின் தடுப்பாணையோ நிலுவையில் உள்ளதா என்று மனு போடும்போதே பார்த்துவிடுங்கள். இல்லாவிட்டால் விடுதலை உத்தரவு வந்த நாளில் வாசலில் வேறொரு வண்டி நிற்கும்.

டெர்ரி தீர்ப்பில் சிக்கியவர்களுக்கு இருக்கும் வழிகள் குறைவு. கருணை அடிப்படையிலான விடுதலைக்கு வார்டனிடம் எழுத்தில் கேட்டு, 30 நாள் கழிந்ததும் நீதிமன்றம் போகலாம். அதிபரிடம் தண்டனைக் குறைப்பும் கோரலாம். 2025 ஜனவரி 17-இல் பைடன் சுமார் 2,500 பேருக்குத் தண்டனையைக் குறைத்ததில் கிராக் வழக்குகள் கணிசம்.

உத்தரவு சாதகமாக வந்தால் சிறைத்துறை நாள் கணக்கை மறுபடி போடும். நன்னடத்தைக் கழிவு ஆண்டுக்கு 54 நாள் சேர்ந்திருக்கிறதா என்று கணக்குத் தாளில் சரிபாருங்கள். தங்குமிடத்தை ப்ரொபேஷன் அலுவலர் பார்த்து ஒப்புதல் தர சில நாள் எடுக்கும்; இதற்காக நீதிபதிகள் உத்தரவின் அமலைச் சில நாள் தள்ளிவைப்பதும் உண்டு. வெளியே வந்த 72 மணி நேரத்துக்குள் ப்ரொபேஷன் அலுவலகத்தில் ஆஜராக வேண்டும். புதிய உட்பிரிவின்படி கண்காணிப்பு விடுதலைக் காலமும் 5 ஆண்டிலிருந்து 4 ஆகக் குறைய வழியுண்டு, மனுவிலேயே அதையும் சேர்த்துக் கேளுங்கள். ஓராண்டு பிசகில்லாமல் முடிந்தால், மீதியையும் முன்கூட்டியே முடித்துவைக்கும்படி அதே நீதிபதியிடம் மனு போடலாம்.