உப்பளத்து வெளிச்சம்

உதவி ஒளிப்பதிவாளராகச் சேர்ந்த முதல் நாள் என் கைக்கு வந்தது தெர்மோகோல். ஒரு லைட்மேன் அண்ணன்தான் அதை எந்தச் சாய்வில் பிடித்தால் கண்ணுக்குக் கீழே இருக்கும் நிழல் கரையும் என்று காட்டிக்கொடுத்தார். இருபது வருடத்துக்கும் மேல் ஆகிவிட்டது, அந்தச் சாய்வு இன்னும் கையில் இருக்கிறது.

அப்போது ஃபிலிம் காலம். 400 அடி ரோல் நாலரை நிமிடம்கூட ஓடாது. எடுத்தது தேறியதா என்பது லேபில் கழுவி வந்த பிறகுதான் தெரியும். அதனால் வெளிச்சத்தை அளக்கும் மீட்டரை ஒன்றுக்கு இரண்டு முறை பார்க்கிற பழக்கம் வந்தது.

சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவைப் பற்றிப் படித்ததும் அந்த நாட்களில்தான். 1956-இல் வந்த ‘அபராஜிதோ’வில் காசி வீட்டு முற்றம் கல்கத்தா ஸ்டுடியோவில் போட்ட செட். மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை அதன்மேல் அடித்து, திரும்பி விழுகிற வெளிச்சத்தில் எடுத்திருக்கிறார். நாம் பிடித்து நிற்கிற தெர்மோகோலும் அதே வேலையைத்தானே செய்கிறது என்று தோன்றியபோது எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

அப்புறம் சீரியல். ஒரு படம் பாதியில் நின்று சம்பளம் வராமல் போனதும் வளசரவாக்கத்தில் ஒரு ஷூட்டிங் வீட்டுக்குப் போனேன். ஆறு வருடம், அதே ஹால், அதே மாடிப்படி. முகத்தில் நிழலே விழக்கூடாது என்பார்கள். அந்த வேலையில்தான் வீட்டு வாடகை நிற்காமல் போனது, பத்து நிமிடத்தில் லைட்டிங் முடிக்கிற வேகமும் வந்தது. அதை மட்டமாகப் பேசுகிறவர்களோடு இப்போதும் சண்டை போடுவேன்.

ஒரு ஆவணப்படத்துக்காகத் தூத்துக்குடி உப்பளத்துக்குப் போனது அதற்குப் பிறகு. பத்து மணி வெயிலில் பாத்திகளைப் பார்த்ததும் அப்படியே நின்றுவிட்டேன். தரை முழுக்கத் தெர்மோகோல்! உப்பு வாருகிற பெண்களின் முகத்தில் கீழிருந்து வெளிச்சம் ஏறுகிறது. ஒரு விளக்கும் வேண்டாம். கேமராவின் மீட்டர் மட்டும் அங்கே ஏமாறும். வெள்ளையைச் சாம்பல் நிறம் என்று எடுத்துக்கொண்டு எக்ஸ்போஷரை, அதாவது உள்ளே விடுகிற வெளிச்சத்தைக் குறைத்துவிடும், முகம் கறுத்துப்போகும். கை மீட்டரை முகத்துப் பக்கத்திலேயே வைத்துத்தான் அளக்க வேண்டும்.

அப்படி அளக்கும்போது ஒரு அக்காவிடம், “இங்க வெளிச்சம் ரொம்ப அழகா இருக்குக்கா” என்று சொல்லிவிட்டேன்.

“இதுதான்யா எங்க கண்ணத் தின்னுட்டு,” என்றார். கோபமாகச் சொல்லவில்லை. சாயங்காலம் வீட்டுக்குப் போனால் வாசல் படியே மங்கலாகத்தான் தெரிகிறதாம். கறுப்புக் கண்ணாடி போட்டால் வேர்வை வழிந்து வேலை ஓடாதாம்.

அன்று எடுத்ததை இரவு போட்டுப் பார்த்தேன். எல்லாம் அழகாக இருந்தது. அதுதான் உறுத்தியது.

மறுநாள் விடியுமுன்பே போனோம். வெயில் ஏறுமுன் முடிந்தவரை முடிக்க அவர்கள் இருட்டிலேயே பாத்தியில் இறங்கிவிடுகிறார்கள். மதியம் அதே அக்காவை எடுக்கும்போது வெயிலைத் தணிக்கிற ஸ்கிம்மர் துணியைப் பிடிக்க வேண்டாம் என்றேன். வெளிச்சம் அதிகமாக உள்ளே வரட்டும் என்று லென்ஸின் அபெர்ச்சரை ஒன்றரை ஸ்டாப் கூடுதலாகத் திறந்தேன். உப்பு வெந்து வெள்ளையாகி, அவர் உருவத்தின் ஓரங்களையே கரைத்தது. மானிட்டரைப் பார்த்த இயக்குநருக்குக் கண் கூசியது. இருக்கட்டும் என்றேன்.

சாயங்காலம் அந்த ஷாட்டை லேப்டாப்பில் அக்காவிடம் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்தார்.

“மத்தியானம் எடுத்ததாய்யா?”

“ஆமாக்கா.”