தகேமிட்சு

ஜப்பானிய சினிமாவின் பின்னணி இசை என்றாலே எனக்கு முதலில் தோரு தகேமிட்சுதான். 1930இல் பிறந்து 1996இல் மறைந்தவர். பெரும்பாலும் தானாகவே இசை கற்றவர், நூறு படங்களுக்குப் பக்கமாக இசையமைத்திருக்கிறார்.

இயக்குநர் கோபயாஷியின் 'க்வைதான்' என்ற பேய்க்கதைப் படத்தில், கைவிட்ட மனைவியைத் தேடி சாமுராய் திரும்பி வரும் கதையைக் கேளுங்கள் (பார்ப்பது அப்புறம்). மரம் பிளக்கிற சத்தத்தையே இசையாக்கியிருக்கிறார். தரைப்பலகை உடைவது ஒரு நேரம், சத்தம் வருவது வேறொரு நேரம். வயிற்றைக் கலக்கும்.

குரோசாவாவின் 'ரன்' (1985) படத்தில் கோட்டைத் தாக்குதல். ரத்தமும் நெருப்பும் தெரிகின்றன, ஒரு அலறல்கூடக் கேட்காது, இசை மட்டும்தான். துப்பாக்கி ஒன்று வெடித்ததும் போரின் இரைச்சல் சட்டென்று திரும்புகிறது. குரோசாவாவுக்கு ஆஸ்திரிய இசையமைப்பாளர் மாலர் பாணியில் இசை வேண்டுமாம், அவருக்கும் தகேமிட்சுவுக்கும் நல்ல உரசல். அந்த உரசலால் படத்துக்கு லாபம்தான் என்பேன்.