குதிரை இல்லாத குதிரைப்படை: 98 பொம்மைகள்

1/72 அளவுப் பொம்மை வீரர்களை வைத்து, முதல் உலகப்போரில் பிரிட்டனின் குதிரைப்படைப் பிரிவாக இருந்த 2வது மவுண்டட் டிவிஷனை முழுசாக மேசையில் நிறுத்திப் பார்க்க ஆசைப்பட்டேன். மூன்று மாதம் ஆனது. நேற்றுதான் கடைசி வார்னிஷ் அடித்தேன்.

குதிரைப்படை என்ற பெயரை நம்பி முதலில் குதிரைவீரர் பெட்டிதான் வாங்கினேன். 12 குதிரைக்குச் செம்பழுப்பு அடித்த பிறகு படித்தது இது: 1915 ஆகஸ்டில், துருக்கியின் கல்லிப்போலி தீபகற்பத்தில் உள்ள சுவ்லா கரையில் இவர்கள் இறங்கியபோது குதிரைகள் எகிப்திலேயே நின்றுவிட்டன. அவற்றைப் பராமரிக்க ரெஜிமெண்டுக்குச் சுமார் 100 பேர் தங்கினார்கள். மற்றவர்கள் காலாட்களாகப் போனார்கள். பெட்டியை மூடிவைத்துவிட்டு நடக்கும் வீரர்களைத் தேடினேன்.

இவர்கள் முழுநேரச் சிப்பாய்கள் அல்ல. யோமன்ரி எனப்படும் பகுதிநேரக் குதிரைப்படையினர்; 1908ல் டெரிட்டோரியல் ஃபோர்ஸ் என்ற பகுதிநேர ராணுவம் உருவானபோது அதில் சேர்க்கப்பட்டவர்கள். கடமை உள்நாட்டுக் காவல்தான். கடல் கடந்து போவதற்கு அவர்களே முன்வர வேண்டும். டிவிஷனில் நான்கு பிரிகேட், பிரிகேடுக்கு மூன்று ரெஜிமெண்ட். சுவ்லாவில் ஹெர்ட்ஃபோர்ட்ஷயர் யோமன்ரியும் வெஸ்ட்மின்ஸ்டர் டிராகூன்ஸும் ஐந்தாவது பிரிகேடாகச் சேர, மொத்தம் 14 ரெஜிமெண்ட், சுமார் 5,000 பேர். ஒரு பொம்மைக்கு 50 பேர் என்று வைத்தால் ரெஜிமெண்டுக்கு ஏழு, ஆக 98.

காக்கி நிறம்தான் படுத்தியது. முதல் கலவை பச்சையடித்தது. மஞ்சள் காவி சேர்த்துச் சேர்த்து நான்காவது தடவையில் சரியானது. அடைமழை நாளில் ஸ்ப்ரே ப்ரைமர் அடித்த 14 பொம்மைகள் மணல் தூவியதுபோல் சொரசொரவென்று ஆகிவிட, சுரண்டி மறுபடி அடித்தேன்.

பிறகு ஆகஸ்ட் 21. லாலா பாபா குன்றிலிருந்து வறண்ட உப்பு ஏரியைக் கடந்து, மறைவே இல்லாத வெளியில், குண்டுச் சிதறல்களுக்கு நடுவே வரிசை குலையாமல் நடந்தார்கள். மேசையில் அந்த வெள்ளைத் தரையை விரித்து 98 பேரையும் நிறுத்தியபோதுதான் அது எவ்வளவு வெட்டவெளி என்று எனக்கு உறைத்தது. ஒதுங்க ஒரு புதர்கூட வைக்க இடமில்லை. அன்று மாலை அரிவாள் குன்றுப் பக்கம் ஏறிய 2வது பிரிகேடின் தலைவர் லாங்ஃபோர்ட் பிரபு திரும்பவில்லை. டிவிஷனில் இறந்தவர், காயம்பட்டவர், காணாமல்போனவர் எல்லாம் சேர்த்துச் சுமார் 1,200 பேர். என் கணக்கில் 24 பொம்மைகள். ஒவ்வொன்றாக எடுத்துத் தட்டில் வைத்தேன். அன்று வேறு வேலை ஓடவில்லை.

பெர்க்‌ஷயர் யோமன்ரியின் ஃபிரெடெரிக் பாட்ஸை மட்டும் தனியாகச் செய்கிறேன். தொடையில் காயம்பட்டவர், நடக்கமுடியாத தோழனை மண்வெட்டியில் கட்டி 600 கஜம் இழுத்துவந்து, பிரிட்டனின் மிக உயர்ந்த வீர விருதான விக்டோரியா கிராஸ் பெற்றார். மண்வெட்டி கம்பியில் தயாராகிவிட்டது. கயிறுக்குத் தையல் நூல் தடிமனாகத் தெரிகிறது, மெல்லிய செப்புக்கம்பி முயலவேண்டும்.

டிவிஷன் 1916 ஜனவரியில் கலைக்கப்பட்டது. ஆனால் அடுத்த மாதமே, பிப்ரவரி 26 அன்று, எகிப்தின் மேற்குப் பாலையில் அகாகியா என்ற இடத்தில் இதே டிவிஷனில் இருந்த டார்செட் யோமன்ரி குதிரையேறி, செனுசி என்ற பாலைவன முஸ்லிம் அமைப்பின் படைமீது பாய்ந்தது. மூடிவைத்த பெட்டியை இன்று காலை திறந்தேன். 12 குதிரை இருக்கிறது, கடிவாளத்துக்கு வண்ணம் பாக்கி.