வெட்டுவான் கோயில்: சிகரத்தில் தொடங்கும் தரிசனம்

மூர்த்தியைப் பாதாதிகேசமாகத் தரிசிப்பதே நம் வழக்கம். திருவடியில் பதிந்த பார்வை மெல்ல ஏறித் திருமுடியில் நிற்கும். கழுகுமலை வெட்டுவான் கோயிலில் மட்டும் அதை மாற்றிச் செய்ய வேண்டும். உளி எந்த வரிசையில் இறங்கியதோ, அதே வரிசையில் கண்ணும் இறங்கினால்தான் இந்தக் கோயில் நமக்குப் பிடிபடும்.

தூத்துக்குடி மாவட்டத்தில், கோவில்பட்டிக்கு மேற்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டரில் இருக்கிறது கழுகுமலை. அடிவாரக் குடைவரையில் மேற்கு நோக்கி அருள்பாலிக்கும் கழுகாசலமூர்த்தியை விடியலிலேயே சேவித்துவிட்டு மலையேறுங்கள். பாறை சூடேறிவிட்டால் வெறுங்காலோடு நிற்க முடியாது. ஒதுங்க நிழலும் குறைவு. தண்ணீர் கையோடு இருக்கட்டும்.

வந்ததும் பள்ளத்துக்குள் இறங்கிவிடாதீர்கள். முதலில் மேல் விளிம்பில் நின்று பாருங்கள். ஏறத்தாழ 7.5 மீட்டர் ஆழத்துக்கு மலையை வெட்டி எடுத்து, நடுவில் விட்டுவைத்த ஒற்றைப் பாறையையே விமானமாக்கியிருக்கிறார்கள். எட்டுப் பட்டைச் சிகரம், அதன் கீழே கழுத்துப் பகுதி, மூலைகளில் நந்திகள், கொடுங்கை எனப்படும் வளைந்த கூரை விளிம்புக்கு அடியில் ஆடியும் பாடியும் வரிசைகட்டும் பூதகணங்கள். வந்து ஒட்டவைத்த கல் என்று எதுவும் கிடையாது. 8ஆம் நூற்றாண்டுப் பாண்டியர் பணி இது. அதே நூற்றாண்டில்தான் எல்லோராவில் ராஷ்டிரகூடர்கள் கைலாசநாதர் கோயிலைக் குடைந்தார்கள். அளவில் அது பல மடங்கு பெரியது. ஆனால் அங்கே எரிமலைப் பாறை, இங்கே கருங்கல். கருங்கல்லில் இவ்வளவு நுணுக்கத்தைக் கொண்டுவந்த கைகளைத்தான் முதலில் கும்பிடத் தோன்றும்.

மேலிருந்து ஏன் வெட்டினார்கள்? சிற்பி நிற்பதற்குச் சாரம் வேண்டாம்; இன்னும் வெட்டாத பாறையே அவருக்குத் தரை. தெறிக்கும் சில்லும் தவறி விழும் சம்மட்டியும் முடிந்த வேலையின் மேல் விழாது, வெட்டாத பாறையில்தான் விழும். கட்டுமானக் கோயிலில் ஒரு கல் பழுதானால் கழற்றிவிட்டு வேறு கல் வைக்கலாம். இங்கே அது நடக்காது. நந்தியின் திமிலுக்குக் கல் விடாமல் வெட்டிவிட்டால் நந்திக்குத் திமில் கிடையாது, அவ்வளவுதான். ஆகவே வெளியே நீளும் உறுப்புகளுக்கெல்லாம் தாராளமாகக் கல் விட்டு, முதலில் பருவெட்டாக இறக்கி, பிறகு நேர்த்தி செய்ய வேண்டும். கல்லைத் தட்டிப் பார்த்தால் கணீரென்று ஒலிக்கும் இடம் நல்ல இடம். மொத்தென்று கேட்டால் உள்ளே விரிசலோ புரையோ இருக்கும். நுண்வேலையை அங்கே வைத்தால் உடைந்து கையோடு வந்துவிடும். உளிமுனையும் கருங்கல்லில் சீக்கிரம் மழுங்கும். திரும்பத் திரும்ப உலையில் காய்ச்சி அடித்துத் தண்ணீரில் தோய்த்தாக வேண்டும். தோய்ச்சல் மிஞ்சினால் முனை ஒடியும், குறைந்தால் மடங்கும்.

இப்போது கண்ணைத் திசைவாரியாக இறக்குங்கள். கிழக்கே உமையோடு அமர்ந்த ஈசன், மேற்கே திருமால், வடக்கே பிரமன். தெற்கே தட்சிணாமூர்த்தி. அவர் முன்னால் நேரம் ஒதுக்கி நில்லுங்கள். மௌனமாக உபதேசிக்கும் குருவைத்தான் பெரும்பாலும் கண்டிருக்கிறோம். இங்கே அவர் மிருதங்கம் வாசிக்கிறார். தோலின் மேல் பதிந்த விரல்களைப் பாருங்கள். தாளத்தில் தோய்ந்திருக்கும் முகத்தைப் பாருங்கள். கல் என்பதே மறந்துபோகும். இந்த ஒரு திருமேனிக்காகவே கழுகுமலைக்கு வரலாம் என்பது எங்கள் துணிபு.

அவரைக் காண மார்கழியும் தையும் உகந்தவை. சூரியன் தெற்கே சாய்ந்து வருவதால் தென்முகத்தின் மேல்நிலைச் சிற்பங்களில் வெளிச்சம் நன்றாக விழும். சித்திரை தொடங்கி ஆவணி முற்பகுதி வரை உச்சிவெயில் வடக்குப் பக்கமாக விழுவதால் தென்முகம் நிழலில் மங்கிவிடும்.

அதற்கும் கீழே கண் இறங்கும்போது வேலை மெல்ல மெல்லக் கரைகிறது. மேலே நகைநட்டு வரை முடித்தவர்கள், சுவரை வடிவம் மட்டும் பிடித்துவிட்டு நிறுத்தியிருக்கிறார்கள். அதிட்டானம் என்ற அடித்தளம் பாறைக்குள்ளேயே இருக்கிறது. உளித்தடங்களும் அப்படியே தெரிகின்றன. இந்த இடத்தைத்தான் பலரும் 'முடியாத பகுதி' என்று சொல்லித் தாண்டிப் போகிறார்கள். தொழில் தெரிய வேண்டுமானால் இதைவிட நல்ல பாடம் கிடையாது. பருவெட்டு, உருவெட்டு, நேர்த்தி என்று மூன்று நிலைகளும் ஒரே பாறையில் தெரிகின்றன; மேலே நேர்த்தி, கீழே பருவெட்டு. தந்தை ஒருபுறமும் மகன் ஒருபுறமும் போட்டியிட்டு வெட்டினார்கள், மகனின் திறமை பொறாத தந்தையின் உளியால் வேலை நின்றது என்று ஊரில் கதை உண்டு. கருவறையில் பிற்காலத்தில் எழுந்தருளிய பிள்ளையார் இருக்கிறார். அவருக்கு ஒரு குட்டு, ஒரு தோப்புக்கரணம் போட்டுவிட்டு நகருங்கள்.

இதே மலையில் சமணத் திருமேனிகளும் உள்ளன. நாம் சைவர்கள்தானே என்று அவற்றைத் தவிர்த்துவிட வேண்டாம். முக்குடையின் கீழ் தீர்த்தங்கரர்கள் வரிசை வரிசையாக அமர்ந்திருக்கிறார்கள். நாகம் படம் விரித்த பார்சுவநாதரும், கொடி சுற்றிய பாகுபலியும், சிங்கத்தோடு சமண இயக்கி அம்பிகையும் தனித்துத் தெரிவார்கள். திருமேனிகளின் கீழே செய்வித்தவர்களின் பெயர்கள் வட்டெழுத்து என்ற பழந்தமிழ் எழுத்தில் உள்ளன. குரத்திகள் எனப்பட்ட பெண் துறவிகளின் பெயர்களும் அவற்றில் உண்டு.

அந்த எழுத்துகளை நேர்வெயிலில் படிக்க முடியாது. வெயில் சாய்ந்து விழும் வேளையில் வெட்டுக்குள் நிழல் தேங்கி எழுத்து எழுந்து நிற்கும். கைப்பேசி விளக்கைப் பக்கவாட்டில் பிடித்தாலும் தெரியும். சுண்ணக்கட்டியால் தேய்க்கவோ, விபூதி பூசவோ கூடாது. எண்ணெய் தடவினால் தூசி படிந்து எழுத்து அடைபடும். மீண்டும் சுரண்டி எடுக்கும்போது விளிம்பு போய்விடும்.