தலை சுத்தாத மருந்து

மலேசியாவில் பத்தாங் பெர்ஜுந்தைக்குப் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாறி எத்தனையோ வருஷமாகிறது. தோட்டத்து ஆட்கள் வாயில் இன்னும் பழைய பெயர்தான். மருந்து விஷயமும் அப்படியே. பாராகுவாட் என்ற களைக்கொல்லிக்கு 2002-இல் இங்கே தடை அறிவித்தார்கள், 2006-இல் தளர்த்தினார்கள், 2020 ஜனவரி முதல் அடியோடு நிறுத்தினார்கள். ஆனாலும் விஷம் என்றால் காலையில் வேலை பிரிக்கும் பெரட்டு வரிசையில் நிற்பவர்களுக்கு இன்றைக்கும் அதுதான் அளவுகோல். நகம் கழலும், மூக்கில் ரத்தம் வரும், ஒரு வாய் உள்ளே போனால் ஆள் தேறுவது கஷ்டம். அந்தக் கண்ணோடு பார்த்தால், செம்பனை நர்சரியில் இலைப்புள்ளிக்கு அடிக்கும் மஞ்சள் தூள் ஒன்றுமே இல்லாத மாதிரித்தான் தெரியும்.

அந்தத் தூள் மேன்கோசெப் என்ற பூஞ்சைக்கொல்லி. எலிக்குக் கிலோ எடைக்கு 5,000 மில்லிகிராம் கொடுத்தாலும் பாதி சாகாது. உலக சுகாதார நிறுவனத்தின் பட்டியலில், முறைப்படி பயன்படுத்தினால் உடனடி ஆபத்துக்கு வாய்ப்பில்லாத மருந்துகளோடு இருக்கிறது. அதே மருந்துக்கு ஐரோப்பிய ஒன்றியம் 2020 டிசம்பரில் அனுமதியைப் புதுப்பிக்க மறுத்தது. ஹார்மோனைக் குலைக்கிறது, கருவைப் பாதிக்கிறது என்பவை அதற்குச் சொன்ன காரணங்களில் முக்கியமானவை. இரண்டும் உண்மை. ஒன்று இன்றைக்கு ஆள் விழுவாரா என்று கேட்கிறது, மற்றது பத்து வருஷம் கழித்துக் கேட்கிறது.

மேன்கோசெப் சிதைந்தால் எத்திலீன்தையோயூரியா வரும், சுருக்கமாக இ.டி.யு. தைராய்டு சுரப்பி அயோடினைப் பிடித்து ஹார்மோனாக்க ஒரு நொதி வேண்டும், இ.டி.யு அதைத் தடுக்கிறது. ஹார்மோன் குறைந்ததும் மூளை சுரப்பியை இன்னும் விரட்டுகிறது, கழுத்து வீங்குகிறது. வாந்தி, மயக்கம் எதுவும் கிடையாது. சோர்வு, உடம்பு பருமன், மாதவிலக்கு தள்ளிப்போவது, அவ்வளவுதான். வெயிலில் வேலை செய்கிறவளுக்குச் சோர்வு எதனால் என்று யார் கேட்கப் போகிறார்கள்? மருந்தடிப்பவர்களுக்கு வழக்கமாக எடுக்கும் கோலினெஸ்டரேஸ் ரத்தச் சோதனை ஆர்கனோபாஸ்பேட், கார்பமேட் பூச்சிமருந்துகளுக்கானது. மேன்கோசெப்பை அது காட்டாது. ரிப்போர்ட் 'நார்மல்' என்று வந்தால் அந்தச் சோதனைக்கு எட்டியவரை நார்மல் என்றுதான் அர்த்தம். தைராய்டுக்கு டி.எஸ்.எச் என்ற ரத்தச் சோதனையைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

உடம்பில் அதிகம் ஏறுவது அடிக்கும்போது என்று நினைக்கிறோம். கலக்கும் இடத்தைப் பார்க்க வேண்டும். லிட்டருக்கு 2 கிராம் என்றால் 15 லிட்டர் பம்புக்கு 30 கிராம். தராசு இருக்காது, பால்டின் மூடியால் அள்ளுவார்கள். தூளை நேராகப் பம்பு வாயில் கொட்டினால் புகையாக எழும்பி முகத்தில் அப்பும். வாளியில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குச்சியால் கூழாக்கி, பாதி நிரப்பிய பம்பில் ஊற்றி, பிறகு மீதித் தண்ணீரை விடுவதுதான் சரி. இது கரைகிற மருந்தில்லை, மிதக்கிற மருந்து. பம்பை ஆட்டாமல் பத்து நிமிஷம் நின்றால் அடியில் படியும், நாசில் அடைக்கும். அடைத்ததும் கை தானாக நாசிலைக் கழற்றி வாய்க்குக் கொண்டுபோகும், ஊதுவதற்கு. ஒரு பழைய பல்துலக்கியைக் கயிற்றில் கட்டிப் பம்பிலேயே தொங்கவிட்டால் போதும். இருபது காசு யோசனை, எந்தப் பயிற்சிப் புத்தகத்தையும் விட மேல். மிச்சக் கலவையை நாளைக்கு என்று மூடி வைக்கக் கூடாது. ஈரமும் சூடும் சேர்ந்தால் இ.டி.யு கூடிக்கொண்டே போகும்.

பம்பு மூடியின் வாஷர் தேய்ந்தால் முதுகு நனையும். நர்சரிக் கன்று இடுப்பளவு வந்த பிறகு, அடித்த வரிசைக்குள் முன்னால் நடந்தால் தொடை நனையும். அதனால் அடித்ததை விட்டு விலகும் திசையில் நடக்க வேண்டும், முன்னால் பிளாஸ்டிக் ஏப்ரன் வேண்டும். கீழ் நோக்கி அடிக்கும் வேலை என்பதால் சட்டைக்கை கையுறைக்கு வெளியே, கால்சட்டை பூட்ஸுக்கு வெளியே. கையுறை நைட்ரைல் ரப்பராக இருக்கட்டும். துணி உறை மருந்தை உறிஞ்சித் தோலோடு சேர்த்துப் பிடித்துக்கொள்ளும், வெறுங்கையே தேவலை. அமெரிக்க லேபிள்களில் அடித்த இடத்துக்குள் 24 மணி நேரம் போகத் தடை. இங்கே காலையில் அடித்த வரிசையில் மத்தியானமே பாலிபேக் களை பிடுங்க ஆள் இறங்குவதுண்டு.

நர்சரி பெரும்பாலும் பெண்கள் வேலை. கர்ப்பத்தின் முதல் மூன்று மாதம் கருவுக்குச் சொந்தமாகத் தைராய்டு சுரப்பு கிடையாது. மூளை உருவாக அது தாயின் ஹார்மோனைத்தான் நம்பியிருக்கிறது. ஆனால் வேலை பார்க்கும் மேற்பார்வையாளரிடம் "உண்டாகியிருக்கேன் மண்டோரே" என்று ஒருத்தி வாய்திறப்பதே மூன்றாம் மாதத்தில்தான். அதன் பிறகு வேறு வேலைக்கு மாற்றுவது நல்ல மனசு, ஆனால் நாள் கடந்த நல்ல மனசு. கலக்கும் வேலையிலிருந்து ஆளை மாற்றுவதைவிட, தூளை மாற்றலாம். அதே மருந்து குருணையாகவும் வருகிறது, தண்ணீரில் உடைந்து கலக்கும், தூசி பறப்பது மிகக் குறைவு. விலை கொஞ்சம் கூட. கணக்கில் அடிபடுவது அங்கேதான்.

ஆம்பளைகளுக்கு ஒன்றுமில்லை என்றும் சொல்ல முடியாது. நூற்புழுவுக்குப் போட்ட டி.பி.சி.பி-யைத் தயாரித்த கலிபோர்னியாத் தொழிற்சாலையில், 1977-இல் தொழிலாளர்கள் தங்களுக்குள் பேசித்தான் கண்டுபிடித்தார்கள்: கொஞ்ச காலமாகப் பிள்ளை பிறப்பதே அரிதாகியிருந்தது. சோதித்தபோது பலருக்கு விந்தணு இல்லை, அல்லது மிகக் குறைவு. அதுவரை வலி எதுவும் அதைக் காட்டிக்கொடுக்கவில்லை.

லயத்துக் காய்கறிப் பாத்திக்கென்று நர்சரித் தூளில் ஒரு பிடி வீட்டுக்கும் வரும். அதைத் தடுப்பது மருந்துக் கிடங்கைப் பார்க்கும் ஸ்டோர் கிராணி பாடு. வந்துவிட்டதென்றால், பயற்றங்காயைக் கொதிநீரில் போடும் முன் ஓடும் தண்ணீரில் தேய்த்துக் கழுவ வேண்டும். கழுவாமல் வேகவைத்தால் ஒட்டியிருக்கும் மேன்கோசெப்பை இ.டி.யு ஆக்குவது அடுப்புச் சூடுதான்.