எஃப்.டி.என். எடுப்பதற்கு முன் பெயரைச் சரிபாருங்கள்

அமெரிக்காவில் இருந்துகொண்டு பைலட் லைசென்ஸ் எடுக்க ஆசைப்படும் நம்மவர்கள் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி மொத்தம் எவ்வளவு செலவாகும் என்பதுதான், இரண்டாவது எந்தப் பயிற்சிப் பள்ளி நல்லது என்பது. இரண்டுக்கும் பதில் சொல்வதற்கு முன்னால் நான் திருப்பிக் கேட்பது ஒன்றே ஒன்று: எஃப்.டி.என். எடுத்துவிட்டீர்களா, எடுத்திருந்தால் எந்தப் பெயரில் எடுத்தீர்கள்? இதில் என்ன பெரிதாக இருக்கிறது என்று தோன்றும். நம் பெயர்கள் அமைந்திருக்கிற விதத்தில், இதில்தான் நிறைய இருக்கிறது.

முதலில் அது என்னவென்று சொல்லிவிடுகிறேன். அமெரிக்க அரசின் விமானப் போக்குவரத்து நிர்வாக அமைப்பான எஃப்.ஏ.ஏ. தரும் எஃப்.ஏ.ஏ. ட்ராக்கிங் நம்பர் என்பதுதான் எஃப்.டி.என். ஓர் ஆங்கில எழுத்து, அதன் பின்னால் ஏழு இலக்கங்கள். எஃப்.ஏ.ஏ.வின் இணையவழி விண்ணப்பத் தளமான ஐயாக்ராவில் விண்ணப்பதாரராகப் பதிவு செய்த உடனேயே அது கிடைத்துவிடும். கட்டணம் கிடையாது, யாருடைய ஒப்புதலுக்கும் காத்திருக்க வேண்டாம். 2020 ஜனவரி 13 முதல் எஃப்.ஏ.ஏ.வின் எந்த எழுத்துத் தேர்வுக்குப் போவதானாலும் இந்த எண் கட்டாயம். விமானம் ஓட்டுபவருக்கும் சரி, ட்ரோன் ஓட்டுபவருக்கும் சரி, விமானம் பழுது பார்க்கும் மெக்கானிக் ஆக விரும்புபவருக்கும் சரி, அதே கதைதான். சோஷியல் செக்யூரிட்டி எண் போன்ற அந்தரங்க விவரங்களைத் தேர்வு மையங்களில் புழங்கவிடாமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு, அந்த வகையில் எனக்கு இது மிகவும் பிடித்த மாற்றம்.

ஒருவருக்கு ஒரு எண், அது வாழ்நாள் முழுக்க. இன்றைக்கு மாணவ பைலட்டாக எடுக்கும் எண்தான் நாளைக்குப் பிரைவேட், இன்ஸ்ட்ருமென்ட், கமர்ஷியல் என்று எவ்வளவு தூரம் போனாலும் கூடவே வரும். ஆனால் இது லைசென்ஸ் எண் இல்லை. சான்றிதழில் அச்சாகி வரும் எண் வேறு, இது வேறு. இரண்டையும் குழப்பிக்கொண்டு ஒன்று கேட்ட இடத்தில் மற்றதை எழுதிக் கொடுப்பவர்களை நிறையவே பார்த்திருக்கிறேன்.

சரி, பெயருக்கு வருவோம்.

என் பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் கடைசிப் பெயராக இருக்கிறது, என் பெயர் இரண்டு சொற்களாக முதல் பெயர்க் கட்டத்தில் இருக்கிறது. மாநில ஓட்டுநர் உரிமத்தில் அந்த இரண்டாவது சொல்லைப் பிரித்து நடுப்பெயராகப் போட்டுவிட்டார்கள். அன்றாட வாழ்க்கையில் இதனால் எனக்கு எந்தச் சிக்கலும் வந்ததில்லை. ஆனால் தேர்வு மைய விதிகளைப் படித்தபோதுதான் யோசிக்க ஆரம்பித்தேன், ஏனென்றால் அமெரிக்கக் குடிமகனாகவோ கிரீன் கார்டு வைத்திருப்பவராகவோ இல்லாதவர்கள் பாஸ்போர்ட்டையும் காட்ட வேண்டும், அதோடு மாநில உரிமம் மாதிரி இன்னோர் அரசு அடையாள அட்டையையும் காட்ட வேண்டும். இரண்டும் ஒரே மேசையில் பக்கத்துப் பக்கத்தில் வைக்கப்படும். ஐயாக்ராவில் இருக்கும் பெயர் இந்த இரண்டோடும் முரண்படாமல் இருக்க வேண்டும்.

அதனால் பதிவுப் பக்கத்தைத் திறப்பதற்கு முன்பு ஒரு தாளில் எல்லா ஆவணங்களிலும் என் பெயர் எப்படி இருக்கிறது என்று எழுதினேன். பாஸ்போர்ட், விசா, அமெரிக்காவுக்குள் நுழைந்ததற்கான ஐ-94 பதிவு, ஓட்டுநர் உரிமம், எல்லாமே. எழுத்துகள் எங்கேயும் மாறவில்லை, சொற்கள் எந்தக் கட்டத்தில் நிற்கின்றன என்பது மட்டும்தான் மாறியிருந்தது. பயிற்சி தரப்போகும் இன்ஸ்ட்ரக்டரிடம் அந்தத் தாளைக் காட்டிக் கேட்டேன், அவரும் நானும் பேசி முதல் சொல் முதல் பெயர், இரண்டாவது சொல் நடுப்பெயர், அப்பா பெயர் கடைசிப் பெயர் என்று முடிவு செய்தோம். அதன் பிறகு எந்த அரசுத் தளத்திலும் பெயரை அந்த ஒரே விதமாகத்தான் எழுதினேன், ஓர் எழுத்துகூட மாற்றவில்லை. இன்றைக்கும் இதைத்தான் மற்றவர்களுக்குச் சொல்கிறேன், எந்த வடிவம் சரி என்று மண்டையை உடைத்துக்கொள்வதை விட, ஆவணங்களோடு பொருந்துகிற ஒரு வடிவத்தைத் தேர்ந்தெடுத்து அதை விடாமல் பிடித்துக்கொள்வதுதான் முக்கியம்.

பாஸ்போர்ட்டில் கடைசிப் பெயர்க் கட்டமே காலியாக இருப்பவர்களின் நிலை இதை விடக் கடினம். நம் ஊர்க்காரர்களில் இப்படி எத்தனையோ பேர். அமெரிக்க விசாவில் முழுப் பெயரும் கடைசிப் பெயராகப் போய்விடும், முதல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்.என்.யு., அதாவது முதல் பெயர் தெரியவில்லை, என்று வந்து உட்கார்ந்துவிடும், பல மாநிலங்களில் ஓட்டுநர் உரிமத்திலும் அதுவே தொடரும். என் நண்பர் ஒருவருக்கு இதே நிலை. அவருக்குப் பாஸ்போர்ட் புதுப்பிக்க வேண்டிய காலமும் நெருங்கியிருந்ததால், புதுப்பிக்கும்போதே பெயரை இரண்டாகப் பிரித்து வாங்கினார், பிறகு உரிமத்தை மாற்றினார், அதற்கெல்லாம் அப்புறம்தான் ஐயாக்ராவில் கை வைத்தார். அந்த வரிசை சரியான வரிசை என்று உறுதியாகச் சொல்வேன். எஃப்.ஏ.ஏ. சான்றிதழ் ஒன்று கையில் வந்துவிட்டால், அதில் பெயரை மாற்ற நீதிமன்ற உத்தரவு, திருமணச் சான்று மாதிரி சட்டபூர்வமான ஆவணம் கேட்பார்கள். அதற்கு முன்பே சரி செய்துவிட்டால் எவ்வளவு நிம்மதி என்று யோசித்துப் பாருங்கள்.

பதிவு செய்யும் வேலை உண்மையில் சின்னது. என்ன பொறுப்பில் பதிவு செய்கிறீர்கள் என்று ஒரு பட்டியல் வரும், அதில் விண்ணப்பதாரர் என்பதை மட்டும் தேர்ந்தெடுத்தால் போதும், மற்றவை எல்லாம் இன்ஸ்ட்ரக்டர்களுக்கும் தேர்வாளர்களுக்கும் உரியவை. ஏற்கெனவே எஃப்.ஏ.ஏ. சான்றிதழ் இருந்தால் அதன் விவரத்தைக் கொடுக்கும் இடம் ஒன்று வரும், புதியவர்கள் அதை அப்படியே விட்டுவிடலாம். பிறந்த தேதியில் மட்டும் கவனம், மாதம் முதலில், நாள் இரண்டாவது. நாம் நாளை முதலில் எழுதிப் பழகியவர்கள், பிறந்த நாள் பன்னிரண்டு தேதிக்குள் இருந்தால் மாற்றிப் போட்டாலும் தளம் எதுவும் சொல்லாது, அது பாட்டுக்கு ஏற்றுக்கொள்ளும். மின்னஞ்சலுக்கு அலுவலக முகவரியைக் கொடுக்காதீர்கள், வேலை மாறலாம், இந்த எண் மாறாது. ரகசியக் கேள்விகளின் பதிலையும் எங்காவது எழுதி வையுங்கள், ஒரு வருடம் கழித்துப் பாஸ்வேர்டு மறந்து நிற்கும்போது அதுதான் கைகொடுக்கும்.

முடித்ததும் திரையில் எண் வந்தது. நான் அதைக் குறித்துக்கொண்டு பயிற்சிப் பதிவேட்டின் முதல் பக்கத்திலும் எழுதி வைத்தேன்.

இங்கே முக்கியமான ஒன்று. எந்தக் காரணத்துக்காகவும் இரண்டாவது அக்கவுண்ட் தொடங்காதீர்கள். எனக்குத் தெரிந்த ஒருவர் பல வருடங்களுக்கு முன்பு ட்ரோன் தேர்வுக்காகப் பதிவு செய்திருக்கிறார், பிறகு விமானப் பயிற்சிக்கு வந்தபோது பழைய யூசர்நேம் நினைவில் இல்லை, அவர் சேர்ந்த பயிற்சி இடத்தின் அலுவலகத்தில் இருந்தவர் புதிதாக ஒன்று தொடங்கிவிடுங்கள், சுலபமாக முடிந்துவிடும் என்று சொல்லியிருக்கிறார். எனக்குக் கேட்டபோது கோபம்தான் வந்தது. தெரியாத விஷயத்தில் அப்படிச் சொல்லவே கூடாது. எழுதிய தேர்வு ஓர் எண்ணிலும், லைசென்ஸ் விண்ணப்பம் இன்னோர் எண்ணிலும் போனால், விண்ணப்பம் அந்தத் தேர்வைக் கண்டுபிடிக்காமல் திணறும், அதைச் சரி செய்ய உதவி மையத்தோடு மாறி மாறிப் பேச வேண்டியிருக்கும். நல்லவேளையாக அவர் தொடங்குவதற்கு முன்பே என்னிடம் கேட்டார், தளத்தின் வழியாகவே பழைய விவரத்தை மீட்டெடுத்துக்கொண்டார்.

அடுத்து, அமெரிக்கக் குடியுரிமை இல்லாதவர்கள் எஃப்.டி.என். கிடைத்தவுடனே விமானத்தில் ஏறிப் பயிற்சி தொடங்கிவிட முடியாது. அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்பு அமைப்பான டி.எஸ்.ஏ. நடத்தும் விமானப் பயிற்சிப் பாதுகாப்புத் திட்டத்தின் கீழ் தனியாக விண்ணப்பிக்க வேண்டும், கைரேகை கொடுக்க வேண்டும், 140 டாலர் கட்டணம், அனுமதி வந்த பிறகுதான் பயிற்சிப் பறப்பு. 2024இல் விதிகளைத் திருத்தியதால் இப்போது ஒரு முறை பெறும் அனுமதி ஐந்து வருடம் வரை செல்லும், முன்பு ஒவ்வொரு பயிற்சிக்கும் தனித்தனியாக ஓட வேண்டியிருந்தது. காத்திருக்கும் காலத்தை வீணாக்க வேண்டாம், தரைப் பாடங்களைப் படிப்பதற்கு இந்த அனுமதி தேவையில்லை. நான் அந்த இடைவெளியில்தான் வானிலையும் வான்வெளி விதிகளும் படித்தேன், பிறகு பறக்கத் தொடங்கியபோது அது எவ்வளவு உதவியது என்று சொல்லி மாளாது. அந்த விண்ணப்பத்திலும் அதே பெயர், அதே கட்டங்கள், மருத்துவப் பரிசோதனைக்கான மெட்எக்ஸ்பிரஸ் படிவத்திலும் அதே.

ஸ்டூடன்ட் பைலட் சான்றிதழுக்கான விண்ணப்பம் மறுபடியும் ஐயாக்ராவுக்குள்தான். 2016 ஏப்ரலுக்கு முன்பு மருத்துவரே மருத்துவச் சான்றோடு சேர்த்து அதைக் கொடுத்துவிடுவார், இப்போது தனி அட்டை, டி.எஸ்.ஏ. சரிபார்ப்புக்குப் பிறகுதான் வரும். தனியாகப் பறப்பதற்கு அது கையில் இருந்தாக வேண்டும் என்பதால் தள்ளிப் போடாதீர்கள். படிவத்தில் உயரம் அங்குலத்தில், எடை பவுண்டில். பிறந்த ஊரைப் பாஸ்போர்ட்டில் இருக்கும் எழுத்துக்கூட்டலிலேயே எழுதினேன், வீட்டில் சொல்லும் கிராமத்துப் பெயரை எழுதவில்லை. முகவரி தங்கியிருக்கும் வீட்டு முகவரியாக இருக்க வேண்டும், தபால் பெட்டி எண் மட்டும் போதாது. சோஷியல் செக்யூரிட்டி எண்ணைக் கொடுக்க விருப்பமில்லை என்று சொல்லவும் வழி இருக்கிறது, நான் அதைத்தான் தேர்ந்தெடுத்தேன். இந்தியாவில் இருந்துகொண்டு விண்ணப்பிப்பவர்களுக்கு ஒரு கூடுதல் வேலை, அமெரிக்க முகவரி எதுவும் இல்லாவிட்டால் 2025 ஜனவரியிலிருந்து அங்கே ஒரு முகவரை நியமித்து, அவர் விவரத்தைப் பதிவு செய்தாக வேண்டும்.

நான் நிரப்பி முடித்ததும் இன்ஸ்ட்ரக்டர் தன் கணக்கில் நுழைந்து, என் எஃப்.டி.என்.ஐ வைத்து விண்ணப்பத்தை எடுத்தார். பாஸ்போர்ட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வோர் எழுத்தாக விரல் வைத்துச் சரிபார்த்தார். அவசரப்படவே இல்லை, எனக்கு அது அவ்வளவு நிறைவாக இருந்தது, ஏனென்றால் அவர் கையெழுத்துப் போட்டு அனுப்பிய பிறகு நாம் செய்வதற்கு ஒன்றும் இல்லை. உங்கள் இன்ஸ்ட்ரக்டர் வேகமாகப் பக்கங்களைத் தள்ளிக்கொண்டே போனால் தயங்காமல் நிறுத்தி, முழு விண்ணப்பத்தையும் ஒரு முறை படித்துவிடுகிறேன் என்று கேளுங்கள். அது உங்கள் உரிமை.

எழுத்துத் தேர்வு கடைசியாக. எஃப்.ஏ.ஏ.வுக்காகத் தேர்வு நடத்தும் பி.எஸ்.ஐ. நிறுவனத்தின் தளத்தில் எஃப்.டி.என். கொடுத்துப் பதிவு செய்ய வேண்டும், கட்டணம் 175 டாலர், பிரைவேட் பைலட்டுக்கு 60 கேள்விகள், 70 சதவீதம் வாங்க வேண்டும். இன்ஸ்ட்ரக்டர் தந்த ஒப்புதல் குறிப்பையும் கொண்டு போக வேண்டும். மையத்தில் இருந்த பெண்மணி பாஸ்போர்ட்டையும் உரிமத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார், நடுப்பெயரைப் பற்றி ஒரு கேள்வி கேட்டார், திரையையும் பார்த்துவிட்டுத் தலையசைத்தார். உரிமத்தில் பழைய முகவரி இருப்பவர்கள் புதிய முகவரிக்கு ஆதாரமாக ஏதாவது ஒரு தாளை எடுத்துப் போங்கள், அதற்காகவே திருப்பி அனுப்பப்படலாம். முடிவுத் தாள் 24 மாதம் செல்லும், பறப்புத் தேர்வன்று தேர்வாளரிடம் காட்ட வேண்டும் என்பதால் பத்திரமாக வையுங்கள்.

ட்ரோன் மட்டும் போதும் என்பவர்களுக்கு வழி இன்னும் சுருக்கம். 16 வயது முடிந்திருந்தால் போதும், டி.எஸ்.ஏ. பயிற்சி அனுமதி வேண்டாம், இன்ஸ்ட்ரக்டர் ஒப்புதலும் வேண்டாம், ஐயாக்ராவில் எஃப்.டி.என்., பி.எஸ்.ஐ.யில் தேர்வு, தேறிய பிறகு மறுபடி ஐயாக்ராவில் தேர்வு எண்ணைக் கொடுத்து விண்ணப்பம், அவ்வளவுதான். தேர்வு முடிவு ஐயாக்ராவில் தெரிய இரண்டு நாள் வரை ஆகலாம், தேறிய அன்றைக்கே தேடிப் பார்த்துக் கிடைக்கவில்லை என்று பதற வேண்டாம். ட்ரோனைப் பதிவு செய்யும் ட்ரோன்ஸோன் தளம் வேறு, அங்கே கிடைக்கும் எண்ணுக்கும் எஃப்.டி.என்.னுக்கும் சம்பந்தம் இல்லை.

வீடு மாறினால் 30 நாளுக்குள் எஃப்.ஏ.ஏ.வுக்குத் தெரிவித்துவிடுங்கள், அதைச் செய்யாமல் அந்த 30 நாளைத் தாண்டினால் சான்றிதழ் கையில் இருந்தும் பறக்க அனுமதி இல்லை. உங்கள் பெயர் அமைப்பு வித்தியாசமாக இருந்து எந்தக் கட்டத்தில் எதைப் போடுவது என்று குழப்பமாக இருந்தால் பதிவுப் பொத்தானை அழுத்துவதற்கு முன்பு கேளுங்கள், எனக்குத் தெரிந்த வரை சொல்கிறேன்.